ஒரு காலடி குறைந்த நூறு மீட்டர்

போட்டிகளில் நான் ஓடிய நேரத்தையெல்லாம் ஒருநாள் கூட்டிப் பார்த்தேன். தகுதிச் சுற்றுகளையும் சேர்த்துப் பதினொரு நிமிடம் வந்தது. அந்தப் பதினொரு நிமிடத்தைக் காட்டி முப்பத்தெட்டு ஆண்டுகள் அரசாங்க நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறேன். நன்றாக ஓடியவர்களைப் பிடித்து உட்கார வைப்பதுதான் பரிசு என்று முடிவு செய்தவர் யாரோ, அவர் நன்றாக இருக்க வேண்டும்.

இதை எழுதச் சொன்னவர்கள் எங்கள் மாவட்டத் தடகள நடுவர்கள் குழுவில் இருக்கும் இளையவர்கள். போன சீசனில் தென்காசி மைதானத்துக்கு ஒரு கேமரா வந்தது. முடிவுக் கோட்டுக்கு நேராக முக்காலியில் நிற்கிறது. துப்பாக்கி வெடித்ததும் தானாகவே நேரம் எண்ணத் தொடங்குகிறது. ஆயிரத்தில் ஒரு பங்குவரை சொல்கிறது. டீ கேட்பதில்லை, பக்கத்தில் இருப்பவரிடம் மகள் கல்யாணத்தைப் பற்றிப் பேசுவதில்லை. "கையால டைம் எடுத்த காலத்தப் பத்தி எழுதுங்க மேடம், சுவாரசியமா இருக்கும்" என்றார்கள். பழைய அம்மிக்கல்லைப் பார்க்கிற பார்வை. எழுதுகிறேன். சுவாரசியத்துக்கு நான் பொறுப்பில்லை.

பயிற்சி என்று சொல்லப் பெரிதாக ஒன்றுமில்லை. எங்கள் வீடு தென்காசியில் ஊர் முடிந்து குற்றாலம் சாலை தொடங்கும் இடத்தில் இருந்தது. காலை ஐந்தரைக்கு அண்ணனின் அரைக்கால் சட்டையைப் போட்டு, அதன்மேல் பாவாடையைக் கட்டிக்கொண்டு கிளம்புவேன். தெரு தாண்டியதும் பாவாடையை மடித்து ஒரு மைல்கல்லின் மேல் வைத்துவிட்டுக் குற்றாலம் பக்கமாக ஓடுவேன். சீசனில் உடம்பெல்லாம் எண்ணெய் தேய்த்துக்கொண்டு அருவிக்கு நடந்துபோகும் வெளியூர்க்காரர்கள் சாலையை அடைத்துக்கொண்டு போவார்கள். ஒருமுறை அவர்களில் ஒருவர், என்னை யாரோ துரத்துவதாக நினைத்துக்கொண்டு, "ஏம்மா, நில்லு! எவன்னு சொல்லு!" என்று எண்ணெய் வழிய என் பின்னாலேயே ஓடி வந்தார். பயந்துபோய் வேகமெடுத்தேன். என் வாழ்நாளின் மிகச் சிறந்த ஓட்டம் அதுதான் என்று இன்றும் நம்புகிறேன். நேரம் எடுக்க ஆளில்லை.

மாநிலப் போட்டிக்கு இரண்டு முறை போனேன். முதல் முறை தகுதிச் சுற்றில் ஆறாவது. இரண்டாம் முறை முன்னேற்றம் இருந்தது, ஐந்தாவதாக வந்தேன். ஒருத்தி விழுந்துவிட்டாள்.

ஆக, என் பெருமை முழுவதும் மாவட்டத்துக்குள் அடங்கியது. அதுவும் ஒரே ஓட்டத்தில். அப்போது எனக்கு இருபது வயது. பெண்கள் நூறு மீட்டரில் மாவட்டச் சாதனை 12.8 வினாடி. அதை வைத்திருந்தவள் வீரகேரளம்புதூர் இசக்கியம்மாள். என்னைவிட இரண்டு வயது மூத்தவள், என்னைவிட நல்ல ஓட்டக்காரி. அதை அன்றைக்கே நான் ஒப்புக்கொண்டிருப்பேன், யாரும் கேட்கவில்லை. இறுதி ஓட்டத்தில் பக்கத்துப் பாதையில் நின்றாள்.

விடியற்காலையிலிருந்தே சாரல். மைதானத்துக்குச் சுண்ணாம்புக் கோடு போடுபவர் நூறு மீட்டரை ஒரு நூல் கயிற்றால் அளப்பார். கடையநல்லூர்த் தறிகளில் கழிந்த நூலை முறுக்கித் திரித்த கயிறு. ஐம்பது மீட்டரில் ஒரு முடிச்சு, இரண்டு தடவை இழுத்தால் நூறு. அன்று காலை முழுவதும் அந்தக் கயிறு ஈரப் புல்லில் கிடந்து ஊறிக்கொண்டிருந்ததைப் பார்த்தவர்களில் நானும் ஒருத்தி. பார்த்து எதுவும் தோன்றாதவர்களிலும் ஒருத்தி.

குறுந்தூரம் ஓடுகிறவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. வெளியே சொல்ல மாட்டோம். காலடியை எண்ணுவோம். எனக்கு நூறு மீட்டருக்கு ஐம்பத்துநான்கு காலடி. தலைவலி இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஐம்பத்துநான்கு. அன்று ஐம்பத்துமூன்றாவது காலடியில் முடிவுக் கோட்டின் நூல் நெஞ்சில் பட்டது. இசக்கி அரையடி பின்னால். நேரம் 12.6. புதிய மாவட்டச் சாதனை. ஒரு காலடி எங்கே போனது என்று யோசித்தேன். கால் நீளமாக விழுந்திருக்கிறது, முன்னேறிவிட்டேன் என்று முடிவு செய்தேன். இருபது வயதில் எல்லாக் கணக்கும் நமக்குச் சாதகமாகவே வரும்.

அந்த ஆண்டு ஓர் அரசுத் துறையில் விளையாட்டு ஒதுக்கீட்டில் எங்கள் மாவட்டத்துக்கு ஒரே ஓர் இடம். தகுதி: நடப்பு மாவட்டச் சாதனையாளர். அப்பா இறந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. உத்தரவு வந்த அன்று அம்மா அதைச் சாமி படத்தின் கீழே வைத்தாள். மறுவாரம் நான் நாற்காலியில் உட்கார்ந்தேன். முழங்கால் ஒரே வருடத்தில் போய்விட்டது. ஓடுவதற்குத்தான் போயிற்று, உட்காருவதற்கு ஒன்றும் தடையில்லை.

ஓட முடியாதவர்களை நடுவர்களாக்குவது எங்கள் வட்டாரத்து முறை. அப்படித்தான் அருளப்பன் சாரிடம் வந்து சேர்ந்தேன். தொழிலால் ரயில்வே கார்டு. தென்காசி, செங்கோட்டை, கொல்லம் மார்க்கத்தில் மீட்டர் கேஜ் வண்டியின் கடைசிப் பெட்டியில் கொடியோடு நிற்பவர். விடுமுறை நாட்களில் மாவட்டப் போட்டிகளுக்குத் தலைமை நேரக்காப்பாளர். பத்து நிறுத்துக் கடிகாரங்களைக் கம்பளித் துணி விரித்த பிஸ்கட் டின்னில் வைத்துக் கொண்டுவருவார். போட்டிக்கு ஒரு மணி நேரம் முன்னால் எல்லாவற்றுக்கும் சாவி கொடுத்து, ஒன்றாக ஓடவிட்டு, ஒன்றாக நிறுத்துவார். பத்தில் ஒரு வினாடி பிந்திய கடிகாரம் டின்னுக்குத் திரும்பிப் போகும். யாரையும் ஒருமையில் பேசமாட்டார். பதினெட்டு வயதுப் பையனும் அவருக்கு "ஐயா"தான், நான் "அம்மா". அந்த மரியாதைதான் எங்களைப் பயமுறுத்தியது.

முறை இதுதான். நேரக்காப்பாளர் முடிவுக் கோட்டுக்கு நேராகப் படிக்கட்டு மாதிரியான மேடையில் நிற்க வேண்டும். நூறு மீட்டர் தள்ளித் துப்பாக்கி வெடிக்கும். சத்தம் நம்மிடம் வந்து சேர கால் வினாடிக்குச் சற்று மேல் ஆகும். சத்தம் கேட்டுக் கடிகாரத்தை அழுத்தினால், ஓடுகிறவருக்கு அந்தக் கால் வினாடியை இனாமாகக் கொடுத்துவிட்டோம் என்று பொருள். ஆகவே புகையைப் பார்த்து அழுத்த வேண்டும். சாரலில் புகை தெரியாது. அதற்காகத் துப்பாக்கி வைத்திருப்பவருக்குப் பின்னால் பள்ளிக்கூடக் கரும்பலகை ஒன்றை நிறுத்துவோம், கறுப்பில் வெள்ளைப் புகை தெரியும். முடிவில் நெஞ்சு கோட்டைத் தொடும்போது நிறுத்த வேண்டும். தலையோ கையோ கணக்கில்லை. முதலிடத்துக்கு மூன்று கடிகாரங்கள். மூவரும் ஒருவர் எடுத்ததை மற்றவருக்குக் காட்டாமல் அட்டையில் எழுதிக் கையெழுத்திட வேண்டும். இரண்டு ஒத்திருந்தால் அது. மூன்றும் வேறானால் நடுவில் உள்ளது. நூறில் ஒரு பங்கு காட்டும் கடிகாரங்கள் வந்த பிறகு இன்னொரு விதி: மிச்சம் இருந்தால் மேலே உள்ள பத்தில் ஒன்றுக்குத் தள்ள வேண்டும். கீழே தள்ளக் கூடாது.

என் முதல் நாளில், ஓடுகிற பெண்ணின் கையசைவு அழகாக இருந்ததால் புகையை விட்டுவிட்டு அவளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நினைவு வந்து கடிகாரத்தை அழுத்தியபோது அவள் கால்வாசித் தூரம் வந்திருந்தாள். என் அட்டையில் 9.8 என்று எழுதிக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தேன். அருளப்பன் சார் அட்டையை இரண்டு முறை படித்தார்.

"அம்மா, இது உலக சாதனை."

"சார்..."

"ஆணுக்கே பெரிய டைம். இந்தப் பிள்ளை எட்டாங்கிளாஸ் படிக்குது. தந்தி அடிச்சிரலாமா?"

"லேட்டா அழுத்திட்டேன் சார்."

"அப்ப அட்டையில அதை எழுதிருக்கணும். வண்டி போனதுக்கப்புறம் கொடி காட்டுனா கொடி காட்டலன்னு எழுதணும். காட்டினேன்னு எழுதுனா ஆள் சாவான்."

நேரம் எடுக்கத் தவறுவது குற்றமில்லை, தவறியதை எழுதாமல் விடுவதுதான் குற்றம். நான் கற்ற ஒரே பாடம் இது. எவ்வளவு ஒழுங்காகக் கற்றேன் என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

அடுத்த சீசனில் அவர் ரயில்வேயிலிருந்து இரவலாக ஓர் எஃகு டேப் கொண்டுவந்தார். எல்லா நடுவர்களையும் அழைத்து நூல் கயிற்றை டேப்போடு சேர்த்து நீட்டினார். காய்ந்த கயிறு சரியாக ஐம்பது மீட்டர். ஒரு வாளித் தண்ணீரில் முக்கி எடுத்து மறுபடி நீட்டினார். முடிச்சு ஏறத்தாழ ஒரு மீட்டர் உள்ளே வந்திருந்தது. "நூல் நனைஞ்சா சுருங்கும். இனிமே டேப்தான். ரெண்டு தடவ அளக்கணும்" என்றார். என் பக்கம் திரும்பவில்லை. கையெல்லாம் சுண்ணாம்போடு நான் நின்றுகொண்டிருந்தேன். காணாமல் போன அந்தக் காலடி இருந்த இடம் தெரிந்துவிட்டது. நான் சாதனை படைத்த தடம் நூறு மீட்டர் இல்லை. சரியான தூரம் ஓடியிருந்தால் 12.8-ஐ ஒருபோதும் தாண்டியிருக்க மாட்டேன்.

சொல்லலாம் என்று நினைத்தேன். அன்று மாலை சொல்லலாம், தங்கை கல்யாணம் முடிந்ததும் சொல்லலாம், பணி நிரந்தரம் ஆனதும் சொல்லலாம். இப்படியே முப்பத்துமூன்று ஆண்டுகள் தள்ளிப் போட்டேன். ஓட்டத்தில் இல்லாத தாக்குப்பிடிக்கும் சக்தி இதில் இருந்தது.

அதற்கிடையில் நேரக்காப்பாளராக இருந்து, துப்பாக்கி பிடித்து, கடைசியில் ஓட்டங்களுக்குத் தலைமை நடுவர் ஆனேன். மாவட்டம் முழுக்க என் கண்டிப்பு பிரசித்தம். கோட்டை மிதித்தவர்களை நீக்கினேன். கொடியசைக்க வந்த சட்டமன்ற உறுப்பினரைப் பாதையைவிட்டு இறங்கச் சொன்னேன். எஃகு டேப்பை நானே போய்ப் பிடித்துத் தடத்தை இரண்டு முறை அளக்காமல் எந்தப் போட்டியையும் தொடங்கவிட்டதில்லை. "டேப்பு அக்கா" என்று முதுகுக்குப் பின்னால் கூப்பிடுவார்கள். அந்தப் பெயரில் எனக்கு ரகசியப் பெருமை. அளக்காத தடத்தில் வேலை வாங்கியவளுக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்காது என்பது எனக்கு மட்டும் தெரியும்.

இனி அந்தச் சனிக்கிழமை. ஓய்வு பெற நான்கு ஆண்டுகள் இருந்தன.

பெண்கள் நூறு மீட்டர் இறுதி. கடையநல்லூர் ஷமீமா என்ற பெண் முதலாவதாக வந்தாள். மூன்று கடிகாரங்கள்: 12.61, 12.66, 12.64. நடுவில் உள்ளது 12.64. மேலே தள்ளினால் 12.7. என் சாதனை இன்னும் 12.6-லேயே நின்றுகொண்டிருந்தது. அறிவிப்பாளர் முடிவைப் படித்து முடிப்பதற்குள் அவள் அம்மா தடத்தைக் கடந்து நேராக என்னிடம் வந்துவிட்டார். கையில் போன். போனில் வளைகுடாவிலிருந்து மகளின் ஓட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்த அவர் வீட்டுக்காரர்.

"யக்கா, பன்னெண்டு அறுபத்துநாலு எப்படி பன்னெண்டு ஏழு ஆச்சு?"

"மிச்சத்த மேல தள்ளணும்மா. அதான் விதி."

"கடைக்காரங்கூட மிச்சத்த நமக்கு விட்டுக்குடுப்பான், நீங்க எங்ககிட்ட புடுங்குதியளே!"

"என்ன டைமு? என்ன டைமு?" என்றது போன்.

"சும்மா இருங்க, பேசிட்டுத்தான இருக்கேன்" என்று போனை அதட்டிவிட்டு விஷயத்தைச் சொன்னார். ஷமீமாவுக்கு ஒரு கல்லூரியில் விளையாட்டு ஒதுக்கீட்டில் இடம் தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். படிப்பு, விடுதி, சாப்பாடு எல்லாம் இலவசம். மாவட்டச் சாதனை என்ற சான்றிதழ் வேண்டும். திங்கட்கிழமை மதியத்துக்குள் வேண்டும். கிடைக்காவிட்டால் படிப்பை நிறுத்திவிட்டுக் கல்யாணம் பேசுவதாக வீட்டுப் பெரியவர்கள் முடிவு செய்திருக்கிறார்கள்.

"அந்தப் பழைய ரெக்கார்டு எவளுதுக்கா? எந்தக் காலத்துல ஓடுனாளோ, செத்துக்கூடப் போயிருப்பா. செத்தும் எம்புள்ள கால வாருதா பாருங்க, மூதேவி."

பக்கத்திலிருந்த நேரக்காப்பாளருக்குத் திடீரென்று இருமல் வந்தது.

"என்னுதும்மா" என்றேன்.

அவர் என்னை உச்சந்தலையிலிருந்து செருப்புவரை நிதானமாகப் பார்த்தார். "நீங்களா? ஓடுனியளா?"

"யாரு ஓடுனது?" என்றது போன்.

ஷமீமா அதுவரை முழங்காலில் கையூன்றி நின்றிருந்தாள். மூச்சு இப்போதுதான் சமநிலைக்கு வந்திருந்தது. அம்மாவைத் தள்ளிவிட்டு முன்னால் வந்து, ஓட்டக்காரியிடம் ஓட்டக்காரி கேட்கிற கேள்வியைக் கேட்டாள்.

"மேடம், நூறுக்கு உங்களுக்கு எத்தன ஸ்டெப்பு?"

"அம்பத்திநாலு" என்றேன். வாய் தானாகச் சொல்லிவிட்டது. "அன்னைக்கி மட்டும் அம்பத்திமூணு."

அவள் புருவம் சுருங்கியது. "ஒரு ஸ்டெப்பு எப்படி மேடம் கொறையும்?"

முப்பத்துநான்கு ஆண்டுகளில் என்னிடம் இதை யாரும் கேட்டதில்லை. தலைமை நடுவர் கொடியைத் துணை நடுவரிடம் கொடுத்தேன். தன் சொந்தச் சாதனை சம்பந்தப்பட்ட விஷயத்தில் தலைமை நடுவர் தீர்ப்புச் சொல்லக் கூடாது. பிறகு ஒரு காகிதம் வாங்கி, என் சாதனைக்கு எதிராக நானே ஆட்சேபம் எழுதினேன்.

மேல்முறையீட்டுக் குழு என்பது மூன்று பேர். அதற்குத் தலைவர் மாவட்டச் சங்கத்தின் செயலாளரான தங்கராஜ் அண்ணாச்சி; தொழிலால் ஹார்டுவேர் கடைக்காரர். காகிதத்தை மூவரும் மாறி மாறிப் படித்தார்கள். தங்கராஜ் அண்ணாச்சிக்குக் கண் கலங்கிவிட்டது.

"மேடம், ஒரு புள்ள படிப்புக்காக ஓங்க ரெக்கார்டையே விட்டுக்குடுக்குதிய. ஓங்க பெரிய மனசு யாருக்கும் வராது."

"மனசு பெருசெல்லாம் இல்ல அண்ணாச்சி. தடம் சின்னது."

"அடக்கத்தப் பாருங்கய்யா!"

உண்மையைச் சொன்னால் தண்டனை கிடைக்கும் என்று முப்பது ஆண்டுகள் பயந்திருந்தேன். பாராட்டுக் கிடைக்கும் என்று தெரிந்திருந்தால் இன்னும் பயந்திருப்பேன். அரை மணி நேரம் விளக்கினேன். விளக்க விளக்க என் தியாகம் வளர்ந்துகொண்டே போனது. குழுவின் இன்னொரு உறுப்பினர், விதி தெரிந்தவர், காப்பாற்றினார்: "ஆட்சேபம் முடிவு அறிவிச்சு முப்பது நிமிசத்துக்குள்ள குடுக்கணும். நீங்க முப்பத்திநாலு வருசம் லேட்டு." சரியான ஆட்சேபம். எனக்கு அவர்மேல் அன்றுமுதல் மரியாதை. கடைசியில் தங்கராஜ் அண்ணாச்சி, "தடம் கொறைன்னு எழுத்துல ஏதாவது இருந்தா கொண்டாங்க. அஞ்சு மணிக்குள்ள. சும்மா வாய்வார்த்தைக்கி ரெக்கார்ட அழிக்க முடியாது" என்றார்.

ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு செங்கோட்டைக்குப் போனேன். அருளப்பன் சாருக்கு அப்போது எழுபத்தொன்பது வயது. முன்னறையில் சுவர்க் கடிகாரத்துக்கு நேரே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். வந்த காரணத்தைச் சொன்னேன். பிறகு எழுந்துபோய் அலமாரியிலிருந்து நீளவாக்கில் மடித்த ஒரு பழைய நோட்டை எடுத்து வந்து, தேடாமலே பக்கத்தைத் திறந்தார்.

நான் சாதனை படைத்த அன்றைய தேதி. "பெண்கள் 100 மீ. மாலை ஆறு மணிக்கு எஃகு டேப்பால் அளந்தேன். 98.20. மறுமுறை 98.20." கீழே கையெழுத்து.

"அன்னைக்கேவா சார்?"

"அன்னைக்கே."

"எதுக்கு அளந்தீங்க?"

"அந்த இசக்கியம்மா வந்து சொன்னாங்க. 'சார், எனக்கு ஒரு எட்டு கொறையுது, தடத்த அளங்க'ன்னு. முடிவு சொல்லிப் பத்து நிமிசம்கூட ஆகல. முறையா வந்து சொன்னாங்க." அவர் நோட்டை மூடினார். "ஆளெல்லாம் போனதும் அளந்தேன். மறுநாள் அந்தப் பிள்ளைகிட்ட, 'அளந்துட்டேம்மா, சரியா இருக்கு'ன்னு சொல்லிட்டேன்."

எனக்கு முதலில் புரியவில்லை. அருளப்பன் சார் பொய் சொன்னார் என்ற வாக்கியத்தை என் மூளை எழுத மறுத்தது.

"ஏன் சார்?"

"உங்கப்பா போய் ஆறு மாசம். வேல ஒண்ணுதான். ரெண்டு பேருல ஒருத்தருக்கு. எனக்கு உங்க வீடு தெரியும். அவங்க வீடு தெரியாது. அவ்வளவுதாம்மா காரணம். தெரிஞ்ச வீட்டுக்குக் கொடி காட்டிட்டேன்." நோட்டை என்னிடம் நீட்டி, "அடுத்த வருசம் டேப் கொண்டுவந்தேன்ல. அது பரிகாரம்னு நெனச்சேன். பரிகாரம் யாருக்குச் செய்யணுமோ அவங்களுக்கில்ல செய்யணும்" என்றார்.

நான் கோபப்பட்டிருக்க வேண்டும். யார்மேல் என்று தெரியவில்லை. அவர் பொய்யின் பலனை மாதாமாதம் வாங்கியவள் நான். அவராவது நோட்டில் எழுதி வைத்திருந்தார்.

ஐந்து மணிக்குப் பன்னிரண்டு நிமிடம் இருக்கும்போது தென்காசி வந்து சேர்ந்தேன். குழு நோட்டைப் பார்த்தது. தங்கராஜ் அண்ணாச்சியின் கண் இம்முறை கலங்கவில்லை. என் தியாகம் போய்விட்டது என்று தெரிந்ததும் அவருக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். என் 12.6 நீக்கப்பட்டது. நீக்கினால் அதற்கு முந்தைய சாதனை உயிர்பெறும். பழைய முடிவுத் தாள்களையெல்லாம் புரட்டினோம். இடைப்பட்ட ஆண்டுகளில் யாரும் 12.8-க்குக் கீழே வரவில்லை. ஆக இசக்கியம்மாளின் சாதனைதான் இத்தனை காலமும் நின்றிருக்கிறது. அன்று காலை ஷமீமா அதை உடைத்திருக்கிறாள். திங்கட்கிழமை காலை பத்து மணிக்குச் சான்றிதழ் தயார். வாங்க வந்த அவள் அம்மா, அதை ஒருமுறைக்கு இரண்டுமுறை படித்துவிட்டு என்னிடம், "அன்னைக்கு ஒங்கள ஏசிட்டேனேன்னு ரெண்டு நாளா மனசு சரியில்லக்கா. இப்பத்தான் நிம்மதியா இருக்கு. ஏசுனது சரிதான்" என்றார். மாவட்டத்தில் அந்த விஷயத்தைச் சரியாகப் புரிந்துகொண்ட முதல் ஆள் அவர்தான்.

என் அலுவலகத்துக்கும் எழுதினேன். நியமனத்துக்கு அடிப்படையான சாதனை செல்லாது என்று, நோட்டின் நகலோடு. ஐந்து மாதம் கழித்துப் பதில் வந்தது: மனுதாரர் எந்த நிவாரணமும் கோராததால் மனு முடித்துவைக்கப்படுகிறது. நானே எழுதியிருந்தாலும் இப்படித்தான் எழுதியிருப்பேன். அந்தப் பிரிவில் பதில் எழுதப் பயிற்சி கொடுத்ததே நான்தான்.

மிச்சம் ஒரு வேலை இருந்தது. சாதனை மீட்டளிக்கப்பட்டால் உரியவருக்கு எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டும். தபாலில் அனுப்பலாம். தபாலில் அனுப்புவதற்கு எல்லா ஏற்பாடும் செய்தேன், உறையில் முகவரிகூட எழுதினேன். பிறகு உறையைக் கையில் எடுத்துக்கொண்டு வீரகேரளம்புதூர் பஸ் ஏறினேன்.

இசக்கி மாவு மில் வைத்திருந்தாள். புருவத்திலும் இமையிலும் மாவு. நான்கைந்து பேர் வாளியோடு வரிசையில் நின்றார்கள். என்னை உடனே அடையாளம் கண்டுகொண்டாள். "ஏட்டி செண்பகம்! என்ன இந்தப் பக்கம்?" என்றாள். மில் ஓடுகிற சத்தத்தில் ஒரு மன்னிப்பைச் சொல்வது கடினம். கடிதத்தை நீட்டினேன். கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வாங்கி, நின்றபடியே முழுவதும் படித்தாள். பிறகு சுவிட்சை அணைத்தாள். பட்டை மெல்லச் சுழன்று நின்றது.

"அந்த வேல எனக்கு வந்திருக்குமோ?"

"வந்திருக்கும்."

"அருளப்பன் சார் அளந்தேன்னு சொன்னாரே. நான் நம்புனேன். எங்காலுக்கு எண்ணத் தெரியலன்னு நெனச்சேன்டி. அதுக்கப்புறம் எண்ணுனா நம்பிக்கையே வரல. விட்டுட்டேன்."

இதற்குச் சொல்ல எந்த விதிப்புத்தகத்திலும் வாக்கியம் இல்லை. எனக்குத் தெரியும், எல்லாவற்றையும் படித்திருக்கிறேன்.

அவள் கடிதத்தின் கடைசி வரியில் விரல் வைத்தாள். மாவுத் தடம் பதிந்தது. "இந்தா, 'தவறுக்கு வருந்துகிறோம்'னு போட்டிருக்கு. யாரு வருத்தப்படுதா? இந்த ரப்பர் சீலா?"

பேனாவை எடுத்தேன். தலைமை நடுவர் என்று அச்சடித்த இடத்தை அடித்துவிட்டு, கீழே என் பெயரை முழுதாக எழுதினேன். அவள் குனிந்து பார்த்து, எழுதி முடிக்கும்வரை காத்திருந்து, கடிதத்தை வாங்கி மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள். மன்னித்தேன் என்று சொல்லவில்லை. உட்காரவும் சொல்லவில்லை. வரிசையில் முதலில் நின்ற அம்மாளின் வாளியை வாங்கித் தராசில் வைத்தாள். வைத்தபடியே கேட்டாள்.

"அந்தக் கடையநல்லூர்ப் புள்ள என்ன டைமு?"

"பன்னெண்டு ஏழு."

"தடத்த அளந்தியளா?"

"நானே அளந்தேன். எஃகு டேப்பு."

"எத்தன தடவ?"

"ரெண்டு தடவ."

"அப்பச் சரி" என்று சொல்லிவிட்டு சுவிட்சைப் போட்டாள்.